959-இல் இறந்தவர் 1220-ஐ எழுதியது எப்படி?

கேள்வி: மத்திய ஆசிய நகரமான புகாராவைப் பற்றிப் பாரசீக மொழியிலுள்ள ‘புகாரா வரலாறு’ நூலை எழுதிய நர்ஷகி 959-இல் இறந்தார். அதில் 1220-இல் நடந்த மங்கோலியர் படையெடுப்பு எப்படி வந்தது?

பதில்: நம் கையில் இருப்பது நர்ஷகியின் மூல நூல் அல்ல. அவர் ஹிஜ்ரி (இஸ்லாமியச் சந்திர ஆண்டு) 332-இல் அரபியில் எழுதி, புகாராவை ஆண்ட சாமானித் வம்ச அரசர் நூஹுக்குக் கொடுத்தார். அரபி நூல் படிக்கப் பெரும்பாலோருக்கு விருப்பமில்லை என்று குபாவி என்பவர் ஹிஜ்ரி 522-இல் அதைப் பாரசீகத்தில் பெயர்த்தார். சலிப்பூட்டும் பகுதிகளை வெட்டினார், புதுச் செய்திகளைச் சேர்த்தார். ஹிஜ்ரி 574-இல் முகமது இப்னு சுஃபர் என்பவர் இன்னும் சுருக்கினார். மங்கோலியர் செய்தி அதற்கும் பின்னால் ஒட்டியது. ஆகவே ஒவ்வொரு பத்தியிலும் ‘இது யார் குரல்?’ என்று கேட்டுவிட்டுத்தான் நம்ப வேண்டும்.

ஆண்டுகளிலும் பலர் சறுக்குவார்கள். ஹிஜ்ரியோடு வெறுமனே 622-ஐக் கூட்டினால் 522 என்பது 1144 ஆகிவிடும். ஹிஜ்ரியின் சந்திர ஆண்டு சூரிய ஆண்டைவிடச் சுமார் 11 நாள் குறைவு. எனவே முதலில் 0.97-ஆல் பெருக்கி, பிறகு 622 கூட்டுங்கள். 1128 வரும், ஓராண்டு முன்பின் இருக்கலாம்.

நூலின் ருசியான பகுதி நாணயக் கதை. வெள்ளி ஊரைவிட்டுப் போகக்கூடாதென்று பொன், வெள்ளி, ஈயம், வெள்ளீயம், இரும்பு, செம்பு ஆறையும் உருக்கிக் காசு அடித்தார்கள். காசு கறுத்துப்போனது, மக்கள் வாங்க மறுத்தார்கள்!