பதில்: அமெரிக்க நடுத்தர வர்க்கத்தைச் சரித்தது சீனா மட்டும்தானா?

“சீன இறக்குமதியால்தான் அமெரிக்க நடுத்தர வர்க்கம் சரிந்தது” என்று கருத்தரங்கக் கட்டுரையில் எழுதியதை, காலவரிசை இடிக்கிறது என்று ஆசிரியர் திருப்பிவிட்டார் என்கிறீர்கள். அவர் சொல்வது சரிதான். சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்தது 2001 இறுதியில். அமெரிக்காவில் தொழிற்சாலை வேலைகள் உச்சத்தில் இருந்ததோ 1979-இல்.

முதலில் எழுச்சியை எழுதுங்கள். 1935-இன் வாக்னர் சட்டம் தொழிற்சங்க உரிமையைப் பாதுகாத்தது. 1944-இல் வந்த போர்வீரர் நலச் சட்டம் கல்லூரிக்கும் வீட்டுக் கடனுக்கும் வழிவிட்டது (கறுப்பின வீரர்கள் பலருக்கு அந்தக் கடன் கிடைக்கவில்லை, இதை விட்டுவிடாதீர்கள்). 1950-இல் ஜெனரல் மோட்டார்ஸ் வாகனத் தொழிலாளர் சங்கத்தோடு ஐந்தாண்டு ஒப்பந்தம் போட்டது. விலைவாசிக்கேற்ற சம்பள உயர்வு, ஓய்வூதியம், மருத்துவக் காப்பீடு எல்லாம் அதில் உண்டு. அந்தப் பத்தாண்டில் ஏறக்குறைய மூன்றில் ஒரு தொழிலாளி சங்கத்தில் இருந்தார். இப்போது பத்தில் ஒருவர்தான்.

கட்டுரையின் கனம் 80களில் இருக்கட்டும். 1981-இல் வேலைநிறுத்தம் செய்த 11,000-க்கும் மேற்பட்ட விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர்களை அதிபர் ரீகன் வேலையைவிட்டு நீக்கினார். சங்கங்களை எதிர்க்கத் தனியார் முதலாளிகளுக்கும் துணிச்சல் வந்தது. சீனாவுக்கு அதன் பிறகு ஒரு பத்தி போதும்.

அப்புறம், எல்லோரும் ஏழையானார்கள் என்று எழுதாதீர்கள். பியூ ஆய்வு மையக் கணக்கில் நடுத்தரப் பிரிவினர் 1971-இல் 61 சதவீதம், 2021-இல் 50. அதே காலத்தில் மேல்பிரிவு 14-லிருந்து 21 ஆனது, கீழ்ப்பிரிவு 25-லிருந்து 29. இதை ஒரு அட்டவணையாகப் போட்டுவிடுங்கள்.