கெர்ட் ஃப்ரோபெ வெறும் வில்லன் நடிகரா?

கேள்வி: ஜெர்மானிய நடிகர் கெர்ட் ஃப்ரோபெயைப் போருக்குப் பிந்தைய ஐரோப்பிய சினிமாவின் மிகச் சிறந்த குணச்சித்திர நடிகர்களுள் ஒருவர் என்று சென்ற இதழில் எழுதியிருந்தீர்கள். 'கோல்ட்ஃபிங்கர்' என்ற ஒரே ஜேம்ஸ் பாண்ட் படத்தால் பெயர் பெற்ற வில்லன் அவர். நாஜிக் கட்சியின் உறுப்பினராகவும் இருந்தவர். அவருக்கு இவ்வளவு பாராட்டு தேவையா?

பதில்: தேவை என்றே இப்போதும் சொல்கிறேன். 1964இல் வெளிவந்த அந்தப் பாண்ட் படத்தை மட்டும் வைத்து அவரை எடைபோட்டால் பாதி நடிகரைத்தான் பார்த்திருக்கிறீர்கள். ஃப்ரோபெவுக்கு ஆங்கிலம் சரளமாக வராததால், படத்தில் நாம் கேட்கும் குரலை மைக்கேல் காலின்ஸ் என்ற ஆங்கில நடிகர் கொடுத்தார். ஜெர்மன் பதிப்பில்தான் ஃப்ரோபெ தம் சொந்தக் குரலில் பேசினார். உலகமே நினைவில் வைத்திருக்கும் அந்தக் குரல் அவருடையது அன்று என்றால், அந்தப் படத்தைக் கொண்டு அவருடைய திறமைக்கு எல்லை வகுப்பது எப்படி நியாயமாகும்?

1913இல் சாக்சனி மாநிலத்தின் ட்ஸ்விக்காவ் நகரை ஒட்டிய ஊரில் பிறந்த ஃப்ரோபெ, இளமையில் வயலின் வாசித்தவர். நாடக மேடைக்குத் திரைச்சீலை தீட்டும் தொழிலிலிருந்து நடிப்புக்கு வந்தவர். 1948இல் வெளியான 'பெர்லின் பாலட்' என்ற படத்தில், போர்முனையிலிருந்து இடிபாடுகளுக்கிடையே வீடு திரும்பும் சிப்பாயாக, எலும்பும் தோலுமாகத் தோன்றினார். பாண்ட் படத்தின் பருத்த உருவத்தை மட்டுமே அறிந்தவர்களுக்கு இருவரும் ஒருவர்தான் என்று நம்புவது கடினம். ரேஷன் அட்டையில் சலுகை ஏதுமற்ற பொதுப் பிரிவினரைக் குறித்த சொல்லையே அந்தப் பாத்திரத்துக்குக் குடும்பப் பெயராக வைத்தார்கள். 'ஓட்டோ நார்மால்ஃபெர்பிரௌகர்' என்ற அந்தப் பெயர், சராசரி மனிதனைக் குறிக்கும் வழக்குச் சொல்லாக ஜெர்மன் மொழியில் இன்றும் புழங்குகிறது.

அவருடைய நடிப்பின் உச்சம் என்று நான் கருதுவது, 1958இல் லாடிஸ்லாவ் வஜ்தா இயக்கிய 'பட்டப்பகலில் நடந்தது' என்ற பொருள்படும் ஜெர்மன் மொழிப் படம். திரைக்கதையில் சுவிஸ் எழுத்தாளர் ஃபிரெட்ரிக் டூரென்மாட்டின் பங்கு உண்டு. துப்பறியும் அதிகாரியாக நடித்தவர் அக்கால ஜெர்மனியின் பெரும் நட்சத்திரமான ஹைன்ஸ் ரூமான். சிறுமிகளைக் கொல்பவனாக வரும் ஃப்ரோபெ திரையில் இருக்கும் நேரம் குறைவு. ஆனால் வீட்டில் மனைவியின் வசைக்கு முன் அந்தப் பெரிய உடலைக் கூனிக் குறுக்கிக்கொண்டு நிற்கிற அதே மனிதன், காட்டில் ஒரு சிறுமிக்குக் கைப்பொம்மையை ஆட்டிக் காட்டும்போது முகத்தில் ஒரு குழந்தையின் குதூகலத்தைக் கொண்டுவருகிறான் என்பதுதான் நம்மை நடுங்க வைக்கிறது. கண்ணை உருட்டாமல், குரலை உயர்த்தாமல் அச்சத்தை உண்டாக்கிய இந்த நடிப்பைப் பார்த்துத்தான் பாண்ட் படத் தயாரிப்பாளர்கள் அவரைத் தேடி வந்தார்கள். 1966இல் ரெனே கிளெமான் இயக்கிய படத்தில் போர்க்காலத்தில் பாரிஸ் நகரின் ஜெர்மானியத் தளபதியாக இருந்த ஃபான் கோல்டிட்ஸாகவும், பிற்காலத்தில் இத்தாலிய இயக்குநர் விஸ்கோன்டி, சுவீடன் இயக்குநர் பெர்க்மன் ஆகியோரின் படங்களிலும் நடித்தார். வில்லன் வேடத்துக்கு மட்டுமே உதவும் நடிகரை இத்தகைய இயக்குநர்கள் அழைத்திருக்க மாட்டார்கள்.

நாஜிக் கட்சி பற்றி நீங்கள் சொல்வது உண்மை. அதை நான் மறைக்கப் போவதில்லை, சிறிய பிழை என்று ஒதுக்கவும் போவதில்லை. 1929இல், பதினாறு வயதில் சேர்ந்தவர், 1937இல், கட்சி முழு அதிகாரத்தில் இருந்தபோது, அதிலிருந்து விலகினார். 1960களின் நடுவில் இந்தச் செய்தி பரவியதும் இஸ்ரேலில் அவருடைய படங்களுக்குத் தடை விதிக்கப்பட்டது. அப்போது யூதர் ஒருவர் தாமாகவே வியன்னாவிலிருந்த இஸ்ரேல் தூதரகத்தை அணுகி, போர்க்காலத்தில் தம்மையும் தம் தாயையும் ஒளித்துவைத்துக் காத்தவர் ஃப்ரோபெ என்று தெரிவித்தார், தடை நீங்கியது. உறுப்பினராக இருந்தார் என்று எழுதத் தெரிந்த நீங்கள், இதையும் சேர்த்து எழுதியிருக்க வேண்டும்.