ஒரு குடமும் ஒரு கையெழுத்தும்

கேள்வி: பத்து நிமிடக் குறும்படம் ஒன்றை எடுக்க இருக்கிறேன். ஒரே வீடு, இரண்டே நடிகர்கள், மிகக் குறைந்த வசனம். தனியாக வாழ்ந்த ஒருவர் இறந்துகிடக்கிறார். காரணத்தைப் படம் சொல்லாது. அப்படி முடித்தால் பார்ப்பவர்கள் ஏமாந்துபோவார்கள் என்று நண்பர்கள் எச்சரிக்கிறார்கள். தங்கள் கருத்து என்ன?
– ஒரு வாசகர், திருவல்லிக்கேணி

பதில்: படம் சொல்ல வேண்டியதில்லை, ஆனால், எடுக்கும் உங்களுக்குக் காரணம் தெரிந்தே இருக்க வேண்டும். அது தெரியாதபோது கேமராவை எங்கே வைப்பது என்பதே தற்செயலாகிவிடும். பார்ப்பவர்கள் ஏமாற்றமாக உணர்வது அந்தத் தடுமாற்றத்தைத்தான்.

பின்னணி இசையைத் துணிந்து விலக்கிவிடுங்கள். சென்னையில் நிகழும் ஒரு கொலையைச் சுற்றி எஸ். பாலசந்தர் இயக்கிய ‘அந்த நாள்’, 1954இலேயே ஒரு பாடல்கூட இல்லாமல் வெளிவந்தது. முழுநீளப் படமே பாடல்களின்றி நிற்க முடிந்தது என்றால், உங்கள் பத்து நிமிடங்களுக்குத் தெருவின் ஓசையே போதும்.

மரணத்தைச் சடலத்தின் வழியாகக் காட்டாமல், நின்றுபோன ஒரு வழக்கத்தின் வழியாகக் காட்டலாம். தண்ணீர் லாரிக்காகத் தெருவில் வரிசையாக வைத்திருக்கும் பிளாஸ்டிக் குடங்களை நினைத்துப் பாருங்கள். வரிசை நகர நகர, ஆள் வராத ஒரு குடத்தைப் பக்கத்து வீட்டுப் பெண் தன் காலால் முன்னே தள்ளிக்கொண்டே வருகிறார். லாரி போன பிறகும் அது காலியாகவே நிற்கிறது. கேமராவை அசைக்காமல், வெட்டாமல், ஒரே ஷாட்டில் இதை எடுத்தால், ஓர் உயிர் இல்லை என்பது வசனமின்றியே விளங்கிவிடும். (அந்த வீட்டுக் கதவைக் காட்டும் ஆசை வரும், காட்டாதீர்கள்.)

உங்கள் இரண்டாவது நடிகர் அந்தப் பெண்ணாகவே இருக்கட்டும். சந்தேக மரணம் என்றால், அக்கம்பக்கத்தைச் சேர்ந்த மதிப்புக்குரிய இருவரோ அதற்கு மேற்பட்டவர்களோ இருக்கும்போதே காவல்துறை விசாரித்து, மரணத்துக்கு வெளிப்படையாகத் தெரியும் காரணத்தை அறிக்கையாக எழுத வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 174ஆம் பிரிவாக இருந்த இது, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 194ஆம் பிரிவாக உள்ளது. ‘வெளிப்படையாகத் தெரியும்’ என்ற அந்தச் சொற்களுக்குள்ளேயே உங்கள் படத்தின் மர்மம் இருக்கிறது. காவலரின் குரல் மட்டும் அறிக்கையை வாசித்து முடிக்கட்டும். அக்கம்பக்கத்துச் சாட்சிகளில் ஒருவராக, குடத்தைத் தள்ளிய அந்தப் பெண்ணிடம் பேனாவைக் கொடுத்து, அவர் கையெழுத்திடும் முன்பே படத்தை முடித்துவிடுங்கள்.