ஒரு கை குறையுது, வர்றீங்களா?

போன மாதம் சேலம் ஐந்து ரோடு பக்கம் ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்த விளையாட்டு விழாவைப் பற்றி நான்கு வரி எழுதியிருந்தேன். போர்டு கேம், கேரம், தாயம், டிவியில் ஆடும் வீடியோ கேம் எல்லாம் ஒரே கூரைக்கு அடியில், இரண்டு நாள். அந்த நான்கு வரிக்கு வந்த கேள்விகள் மேசை நிறையக் கிடக்கின்றன. அதனால் மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டு, இந்த முறை முழுக்க இதற்கே பதில்.

எனக்கும் இந்த மாதிரி விழாவுக்குப் போக ஆசை. கூட வர ஆள் இல்லை. புது ஆட்டம் எதுவும் தெரியாது. தனியாகப் போய் நின்றால் ஒரு மாதிரி இருக்காதா?
*கல்லூரி மாணவி, அஸ்தம்பட்டி*

தனியாகவே போங்கள். கும்பலாகப் போகிறவர்கள் பெரும்பாலும் தங்களுக்குள்ளேயே ஒரு மேசையைப் பிடித்து, வீட்டில் ஆடுகிற அதே ஆட்டத்தை அங்கேயும் ஆடிவிட்டு வந்துவிடுகிறார்கள். தனி ஆளுக்குத்தான் எந்த மேசையிலும் இடம் கிடைக்கும்.

ஆனால் நீங்கள் சொல்கிற அந்த "ஒரு மாதிரி" எனக்கு நன்றாகத் தெரியும். முதல் தடவை நான் போனது என் அக்கா மகளோடு. மூன்று மணி நேரம் மண்டபத்தைச் சுற்றிச் சுற்றி வந்தோம். யாரும் விரட்டவில்லை, யாரும் கூப்பிடவும் இல்லை. ஒவ்வொரு மேசைக்குப் பின்னாலும் கொஞ்ச நேரம் நின்று பார்த்தோம், நகர்ந்தோம், ஒரு தட்டு வடை செட் வாங்கித் தின்றோம், கிளம்பிவிட்டோம். டவுன் பஸ்ஸில் வரும்போது அவள் சொன்னாள்: "சித்தி, அங்க எல்லாரும் ஏற்கெனவே ஃபிரெண்ட்ஸா இருக்காங்க." அந்தப் பிள்ளை முகம் வாடியது இன்னும் கண்ணில் நிற்கிறது. அடுத்த தடவை போனபோதுதான் தெரிந்தது, அவர்களில் பாதிப் பேர் அன்றைக்குக் காலையில்தான் முதன்முதலாக ஒருவரை ஒருவர் பார்த்தவர்கள். சீட்டு ஆடுகிற இடத்தில் பெரியவர்கள் "ஒரு கை குறையுது" என்பார்களே, அந்தச் சொல்லை யாரோ ஒருவர் சொல்லியிருக்கிறார், இன்னொருவர் உட்கார்ந்திருக்கிறார், அவ்வளவுதான். உங்களை யாரும் அப்படிக் கூப்பிடவில்லை என்றால், "ஒரு கை வேணுமா?" என்று நீங்களே கேட்டுவிடுங்கள்.

எந்த மேசையில் கேட்பது என்பதில் கொஞ்சம் கவனம் வேண்டும். ஆட்டம் பாதியில் இருக்கிற இடத்தில் கேட்காதீர்கள், அவர்கள் மனசெல்லாம் ஆட்டத்தில் இருக்கும். பெட்டியை இப்போதுதான் திறந்து, காய்களைப் பிரித்து அடுக்கிக்கொண்டு, தலையைத் தூக்கி அங்கும் இங்கும் பார்க்கிறவர்கள் இருக்கிறார்களா, அங்கே போங்கள். "எனக்கு ஆடத் தெரியாது, சொல்லிக் கொடுப்பீங்களா?" என்பதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். சொல்லிக் கொடுப்பதில் அலாதி சந்தோஷப்படுகிறவர்கள் இந்த உலகத்தில் நிறைய.

முதல் ஆட்டமாக கோட்நேம்ஸ் கிடைத்தால் விடாதீர்கள். 2015-இல் வந்தது. ஐந்துக்கு ஐந்தாக 25 சொற்களை மேசையில் பரப்பி, இரண்டு அணியாகப் பிரிந்து ஆடுவது. அணித் தலைவர் ஒரே ஒரு சொல்லும் ஓர் எண்ணும் மட்டும் சொல்வார். அதை வைத்துக்கொண்டு அவர் மனதில் எந்தெந்தச் சொல் இருக்கிறது என்று மற்றவர்கள் கண்டுபிடிக்க வேண்டும். பெட்டியில் இருப்பவை ஆங்கிலச் சொற்கள். நான் ஆடிய மேசையில் அதை ஓரம் வைத்துவிட்டு, துண்டுச் சீட்டில் தமிழில் எழுதிப் பரப்பிவிட்டார்கள். மாம்பழம், கொலுசு, ஏரி, உருக்கு, பாட்டி, ரயில், இப்படி. எங்கள் தலைவர், பத்தாவது படிக்கிற பையன், "சேலம், மூன்று" என்றான். மாம்பழம், கொலுசு, உருக்கு. மூன்றையும் தொட்டோம், மூன்றும் சரி! பத்து நிமிடத்துக்கு முன்னால் பேர் கூடத் தெரியாத நான்கு பேர் கையைத் தட்டிக்கொண்டோம். கூச்சம் போவதற்கு இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

அப்புறம் கட்டான் என்று ஒன்று, 1995-இல் ஜெர்மனியில் வந்தது, மூன்று அல்லது நான்கு பேர் ஆடலாம். அடுத்தவர் முறையிலும் நாம் சும்மா இருக்க முடியாது, கையில் இருக்கும் பொருள் சீட்டுகளை வைத்து "ஆடு தர்றேன், செங்கல் தர்றீங்களா?" என்று பேரம் பேசிக்கொண்டே இருக்க வேண்டும். செவ்வாய்ப்பேட்டைக் கடைத்தெருவில் வளர்ந்தவர்களுக்கு இது சொல்லித்தரவே வேண்டாம்.

16 வயது மகன் கேமிங் விழாவுக்குப் போகிறேன் என்கிறான். போனில் விளையாடிப் பணத்தைத் தொலைத்தவர்கள் கதையைக் கேட்டுக் கேட்டு பயமாக இருக்கிறது. அனுப்பலாமா?
*ஒரு தாய், செவ்வாய்ப்பேட்டை*

உங்கள் பயம் நியாயமானது அம்மா. இரண்டும் வேறு வேறு என்பதை மட்டும் தெளிவாகப் பிரித்துப் பாருங்கள். பணம் கட்டி, பணம் ஜெயிப்பதற்காக ஆடுகிற ஆன்லைன் ஆட்டங்களை 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் சட்டம் போட்டுத் தடுத்திருக்கிறது. அதே சட்டம், திறமையை வைத்து ஆடும் இ-ஸ்போர்ட்ஸை, அதாவது வீடியோ கேம் போட்டிகளை, தனியாகப் பிரித்து ஏற்றுக்கொண்டும் இருக்கிறது. 2023-இல் சீனாவின் ஹாங்சோவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் இதற்குப் பதக்கமே கொடுத்தார்கள்.

விழாவில் நுழைவுச் சீட்டு இருக்கும், ஜெயித்தால் கோப்பையோ பரிசோ இருக்கும். அதில் தப்பில்லை. ஆட்டத்துக்கு ஆட்டம் யாராவது பந்தயம் கட்டினால் அங்கிருந்து எழுந்து வந்துவிட வேண்டும் என்று மகனிடம் சொல்லுங்கள். என்னைக் கேட்டால், முதல் தடவை நீங்களும் கூடப் போங்கள். போய் ஓரமாக நாற்காலியில் உட்கார்ந்து போனைப் பார்க்காமல், அவன் ஆடுவதைப் பக்கத்தில் நின்று பாருங்கள். வீட்டில் தலை நிமிராத பையன் எதிரில் இருக்கிறவனுக்குக் கை கொடுத்து, "நல்லா ஆடுன ப்ரோ" என்று சொல்வதை நீங்கள் பார்க்க வேண்டும்.

வயது 61. கேரமும் தாயமும்தான் தெரியும். சின்னப் பிள்ளைகள் கூட்டத்தில் நான் போய் என்ன செய்ய?
*ஓமலூர் வாசகர்*

ஐயா, நீங்கள் போகாமல் இருந்தால்தான் எனக்கு வருத்தம். போன மாதம் அங்கே அதிகக் கூட்டம் நின்றது எந்த மேசையைச் சுற்றித் தெரியுமா? கேரம்! கொலுசுப் பட்டறையில் பற்றவைக்கிற வேலை செய்யும் ஓர் அண்ணன், ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். எதிரே காலேஜ் பையன். அந்த அண்ணன் உள்ளங்கையில் துளி பவுடரைக் கொட்டி, ஊதி, மிச்சத்தைத் தொடையில் துடைத்துக்கொண்டு, ஸ்ட்ரைக்கரைக் கோட்டில் வைத்து ஒரு நொடி கூட யோசிக்காமல் நடுவிரலால் சுண்டினார். நகத்து ஓரத்தில் பழைய சூட்டுத் தழும்பு. நாள் முழுக்க அரிசி அளவு வெள்ளி மணியை இடம் பார்த்து வைக்கிற விரல் அல்லவா, காய் சத்தமே இல்லாமல் குழிக்குள் இறங்கியது. சிவப்புக் காயைப் போட்டு, அடுத்த அடியிலேயே அதற்கு ஃபாலோவும் போட்டார். அந்தப் பையன் தோற்றுவிட்டு, "அண்ணா, அந்தக் கட் ஷாட் இன்னொரு தடவை காட்டுங்க" என்று கேட்டு அங்கேயே நின்றான்.

ஒரே ஒரு விஷயம், விதியை முதலில் பேசிக்கொள்ளுங்கள். தெருவில் நாம் வெள்ளைக்கு 20, கறுப்புக்கு 10, சிவப்புக்கு 50 என்று ஆடுவோம். போட்டியில் அப்படி இல்லை. ஒருவருக்கு ஒரு நிறம், ஒன்பது காய். முதலில் முடித்தவருக்கு எதிராளியின் மிச்சக் காய் ஒவ்வொன்றும் ஒரு பாயிண்ட், சிவப்புக்கு 3. 25 பாயிண்ட் எடுத்தால் ஆட்டம் முடிந்தது, இல்லாவிட்டால் எட்டு போர்டு, அதாவது எட்டுச் சுற்று. 22 பாயிண்டைத் தொட்டவருக்கு அப்புறம் சிவப்பால் பாயிண்ட் ஏறாது. இது தெரியாமல் சிவப்பைத் துரத்திக்கொண்டே ஆட்டத்தை விட்டவர்கள் உண்டு.

தாயம் இன்னும் மோசம், தெருவுக்குத் தெரு சட்டம் மாறும். எங்கள் வீட்டில் தாயம் விழுந்தால்தான் காய் இறங்கும், ஒரு காயையாவது வெட்டாமல் உள்கட்டத்துக்குள் போக முடியாது. இரண்டு தெரு தள்ளி எங்கள் அத்தை வீட்டில் ஐந்து விழுந்தாலும் இறக்கலாம். இரண்டும் சரிதான். கட்டையை உருட்டுவதற்கு முன்னால் இரண்டு நிமிடம் பேசிவிட்டால் சண்டை வராது. உங்கள் வீட்டுப் பித்தளைத் தாயக்கட்டையைக் கையோடு கொண்டுபோங்கள் ஐயா. இரண்டிலும் வெறும் பக்கம் மேலே விழுந்தால் பன்னிரண்டு என்று சொன்னால் பிள்ளைகள் நம்ப மாட்டார்கள், உருட்டிக் காட்டினால் நகரவே மாட்டார்கள்.

என் 9 வயது மகள் செஸ் போட்டியில் முதல் ஆட்டத்திலேயே தோற்று அழுதுவிட்டாள். இனி சேர்க்கலாமா, வேண்டாமா?
*அம்மாப்பேட்டை வாசகி*

கட்டாயம் சேருங்கள். ஆனால் பெயர் கொடுக்கும் முன், "நாக் அவுட்டா, ஸ்விஸ் முறையா?" என்று கேட்டுவிடுங்கள். நாக் அவுட் என்றால் 32 பேரில் 16 பேர் முதல் ஆட்டத்தோடு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். ஒன்பது வயதுக் குழந்தையைக் காலையில் குளிப்பாட்டி, சடை பின்னி, கூட்டிக்கொண்டு போய், இருபது நிமிடத்தில் திரும்பி வருவதில் என்ன இருக்கிறது? ஸ்விஸ் முறை 1895-இல் சூரிச்சில் ஆரம்பித்தது. அதில் யாரும் வெளியேறுவதில்லை. ஜெயித்தவர் ஜெயித்தவரோடும், தோற்றவர் தோற்றவரோடும் அடுத்த சுற்றில் மோதுவார்கள். 32 பேருக்கு ஐந்து சுற்று போதும். மூன்றாவது சுற்றுக்குள் பெரும்பாலும் எல்லாருக்கும் தன் பலத்துக்கு ஏற்ற எதிராளி கிடைத்துவிடுவார். உங்கள் மகளும் ஐந்து ஆட்டம் ஆடிவிட்டுத்தான் வருவாள், ஒன்றிரண்டு ஜெயிப்பாள்.

இன்னொன்று, தொட்ட காயை நகர்த்தியே ஆக வேண்டும் என்ற விதியை வீட்டிலேயே பழக்கிவிடுங்கள். பாதி அழுகை அதனால்தான் வருகிறது.

வீடியோ கேம் ஆட சொந்த கன்ட்ரோலர் கொண்டுபோகலாமா?
*சூரமங்கலம் வாசகர்*

தாராளமாக. ஆட்டம் முடிந்ததும் இணைப்பைத் துண்டித்துவிட்டு எழுந்திருங்கள். பைக்குள் கிடந்து பட்டன் அமுங்கி அடுத்தவர் ஆட்டம் நின்றுபோனால், அந்தப் பாவம் யாருக்கு?

ஏற்காட்டில் எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்காகச் சின்னதாக ஒரு விளையாட்டு நாள் நடத்த நினைக்கிறோம். கையில் பெரிய பணம் இல்லை. எப்படி ஆரம்பிப்பது?
*ஓர் ஆசிரியை, ஏற்காடு*

இந்தக் கடிதத்தைப் படித்ததும் எனக்கு மனசு நிறைந்துவிட்டது. பணம் பெரிய விஷயமே இல்லை டீச்சர். ஆடு புலி ஆட்டத்துக்கு சாக்பீஸும் கூழாங்கல்லும் போதும். 3 புலி, 15 ஆடு. பழைய கோயில் மண்டபத் தரைகளில் இந்தக் கட்டத்தைக் கல்லிலேயே கீறி வைத்திருப்பார்கள், பிள்ளைகளுக்கு அதையும் சொல்லுங்கள். ஒருவர் ஒரு தடவை ஆடாகவும் ஒரு தடவை புலியாகவும் ஆட வேண்டும் என்று வைத்துக்கொண்டால் யாருக்கும் மனக்குறை இல்லை. பல்லாங்குழிக்குப் பலகை இல்லாவிட்டால் மண்ணில் 14 குழி தோண்டலாம், சோழி கிடைக்காவிட்டால் காபிக் கொட்டை இருக்கவே இருக்கிறது.

மலையில் நீங்கள் பார்த்துக்கொள்ள வேண்டியது ஈரம். மூடுபனி உள்ளே வந்தால் சீட்டெல்லாம் ஒட்டிக்கொள்ளும், கேரம் போர்டில் பவுடர் திரண்டு காய் ஓடவே ஓடாது. ஜன்னல் ஓரத்தில் மேசை போடாதீர்கள், பவுடரை மூடிய டப்பாவில் வையுங்கள். மே மாதக் கோடை விழாவோடு சேர்த்து வைக்கவே வேண்டாம், அந்த நாட்களில் ரோட்டில் நகர முடியாது. சேலத்திலிருந்து வருகிறவர்கள் 20 கொண்டை ஊசி வளைவு ஏறி, தலை சுற்றி வந்து இறங்குவார்கள். வந்ததும் ஒரு சூடான டீ கொடுத்துவிட்டு, பத்தரைக்கு மேல் ஆரம்பியுங்கள். கீழே இறங்கும் கடைசி பஸ் நேரத்தைக் கேட்டுக்கொண்டு அதற்கு ஒரு மணி நேரம் முன்னால் பரிசைக் கொடுத்துவிடுங்கள்.

கடைசியாக ஒன்று, இதை மட்டும் எனக்காகச் செய்யுங்கள். சொல்லிக் கொடுக்க மட்டுமே நான்கு பேரை நிறுத்துங்கள், அவர்கள் அன்றைக்கு ஆடக் கூடாது. ஒவ்வொரு மேசைக்கும் ஒரு பச்சை அட்டை கொடுத்து, அதில் பெரிய எழுத்தில் "ஒரு கை குறையுது" என்று எழுதிவிடுங்கள். ஆள் வேண்டியவர்கள் அதை நிமிர்த்தி வைக்கட்டும். வாசலில் தயங்கி நிற்கிற பிள்ளைக்கு அது தெரிகிற மாதிரி மேசைகளைத் திருப்பிப் போடுங்கள். தேதி முடிவானதும் எழுதுங்கள், என் அக்கா மகளையும் கூட்டிக்கொண்டு வருகிறேன்.