விண்டோஸ் 11 போடும்போது வரும் பிரைவசி கேள்விகளுக்கு எல்லாம் 'வேண்டாம்' கொடுக்கலாமா?

தாராளமாகக் கொடுங்கள். செவ்வாய்ப்பேட்டை மண்டியில் பில் போடும் கணினி என்கிறீர்கள். உங்களுக்கேற்ற விளம்பரம் காட்ட ஆப்கள் பயன்படுத்தும் விளம்பர அடையாள எண் அதற்கு எதற்கு? அந்தத் திரையில் எல்லாமே முன்கூட்டியே 'ஆன்' ஆகத்தான் இருக்கும். அவசரத்தில் 'அக்செப்ட்' தட்டிவிடுவோம் என்ற கணக்குதான், வேறென்ன! ஒவ்வொன்றாக அணையுங்கள். பில்லிங் மென்பொருளுக்கு ஒன்றும் ஆகாது.

கணினி தன் நிலை பற்றி மைக்ரோசாஃப்டுக்கு அனுப்பும் தகவலான டயக்னாஸ்டிக் டேட்டாதான் கொஞ்சம் வில்லங்கம். ஹோம், ப்ரோ பதிப்புகளில் அதை முழுசாக நிறுத்த வழியில்லை. கூடுதல் தகவலை மறுக்கலாம். 'கட்டாயம் தேவை' என்று மைக்ரோசாஃப்ட் வைத்திருக்கும் பகுதி போய்க்கொண்டேதான் இருக்கும். ஏற்கெனவே போனதை அழிக்க, பிறகு செட்டிங்ஸில் 'பிரைவசி அண்ட் செக்யூரிட்டி'க்குள் பாருங்கள்.

தினமும் ஏற்காடு பஸ்ஸில் லேப்டாப்போடு போய்வரும் உங்கள் மகளுக்கு மட்டும் தொலைந்த லேப்டாப் எங்கே என்று தேட உதவும் 'ஃபைண்ட் மை டிவைஸ்' இருக்கட்டும். லொகேஷனும் மைக்ரோசாஃப்ட் கணக்கும் இல்லாமல் அது வேலை செய்யாது.