எழுதியவர் பெயர் என்ன?

கேள்வி: இத்தாலிய இயக்குநர் விஸ்கோன்டியின் படங்களில் திரைக்கதைக்கு உதவியவர் சூசோ செக்கி தாமிகோ என்று ஒரு கட்டுரையில் படித்தேன். யார் இவர்? எந்தப் படத்தை முதலில் பார்க்கலாம்? (வாசகர், தஞ்சாவூர்)

பதில்: 'உதவியவர்' என்று எழுதிய அந்தக் கட்டுரையாளர் மீதுதான் எனக்குக் கோபம், உங்கள் மீது அல்ல. இயக்குநர் படைத்தார், எழுதியவர் உதவினார் என்னும் வழக்கத்தை இந்தப் பக்கத்தில் பல முறை எதிர்த்திருக்கிறேன். மனத்தாங்கலோடு பேச்சை நிறுத்திக்கொண்ட விமர்சக நண்பர்களும் உண்டு. பரவாயில்லை, இன்னும் எதிர்ப்பேன்.

சூசோ 1914இல் ரோமில் பிறந்தவர். தந்தை எமீலியோ செக்கி பெயர்பெற்ற இலக்கிய விமர்சகர். ஆங்கிலத்திலிருந்து மொழிபெயர்த்துக்கொண்டிருந்த மகள் சினிமாவுக்கு எழுத வந்தார். போருக்குப் பின் கணவர் காசநோய்க்காக சுவிட்சர்லாந்தில் சிகிச்சையில் இருந்தபோது குடும்பம் சூசோவின் எழுத்தை நம்பித்தான் ஓடியது. 2010இல் மறைவதற்குள் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களுக்கு எழுதிவிட்டார். இதற்குப் பெயர் உதவியா?

'சைக்கிள் திருடர்கள்' (1948) படத்தின் திரைக்கதைக்குப் பல பேர் பெயர் போட்டிருக்கிறார்கள். அதில் ஒரே பெண் இவர். சைக்கிளைப் பறிகொடுத்த தகப்பன், கடைசியில் தானே ஒரு சைக்கிளைத் திருடப் போய்ப் பிடிபடுகிறான். டிராமில் போகச் சொன்ன மகன் போகாமல் நின்று பார்த்துவிடுகிறான். அந்த முடிவைச் சொன்னவர் சூசோ என்பார்கள். ஆனால் நாம் இயக்குநர் டி சிகாவை மட்டும் கும்பிடுகிறோம்.

இன்னொரு பழைய வழக்கு: 'ரோமன் ஹாலிடே' (1953). அதன் கதைக்கான ஆஸ்கர் வேறொருவர் பெயரில் போயிற்று. உண்மையில் எழுதிய டால்டன் ட்ரம்போ அப்போது, கம்யூனிஸ்ட் தொடர்பைக் காட்டி வேலை மறுக்கப்பட்டவர்களின் ஹாலிவுட் கறுப்புப் பட்டியலில் இருந்தார். அவர் இறந்து பல ஆண்டுகளுக்குப் பின், 1993இல் அந்தப் பரிசை அவர் பெயருக்குத் திருத்தினார்கள். நல்ல காரியம். ஆனால் அதே திரைக்கதையில் சூசோவும் இன்னொரு இத்தாலிய எழுத்தாளர் என்னியோ ஃபிளையானோவும் வேலை செய்தார்கள். படத்தில் இருவர் பெயரும் இல்லை. ரோமில் நடக்கும் கதையில் இத்தாலியர்களின் பெயர் விடுபட்டது எனக்கு இன்றும் ஆறவில்லை.

முதலில் பார்க்க வேண்டியது மோனிச்செல்லி இயக்கிய 'இ சோலித்தி இஞ்ஞோத்தி' (1958). இதிலும் கூட்டு எழுத்துதான்: ஆஜே, ஸ்கார்ப்பெல்லி, சூசோ, மோனிச்செல்லி. அடகுக் கடையின் பெட்டகத்தைக் கொள்ளையடிக்க ஒரு கும்பல் பக்கத்து வீட்டுக்குள் புகுந்து, இரவெல்லாம் பாடுபட்டுச் சுவரை உடைக்கிறது. துளை வழியே எட்டிப் பார்த்தால் அதே வீட்டின் சமையலறை! வேறு சுவரை உடைத்துவிட்டார்கள். என்ன செய்வது? அங்கே இருந்த பாஸ்தாவும் கொண்டைக்கடலையும் கலந்த உணவை எடுத்து, உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். எத்தனை முறை பார்த்தாலும் நான் வாய்விட்டுச் சிரிக்கும் இடம் அது.

அந்த உணவைப் பற்றியும் சொல்ல வேண்டும். ரோமில் கிழமைக்கு ஒரு சாப்பாடு என்று பழைய வழக்கம் உண்டு: வியாழனன்று ஞோக்கி என்னும் உருளைக்கிழங்கு மாவுருண்டை, வெள்ளியன்று கொண்டைக்கடலையும் உப்பிட்ட காட் மீனும், சனிக்கிழமை மாட்டு இரைப்பை. கொண்டைக்கடலை ஏழை வீட்டுப் பண்டம். புதையல் தேடிப் போனவர்களுக்குத் தங்கள் வீட்டு அடுப்பில் வேகும் அதே பண்டம் கிடைக்கிறது. வறட்டு வேடிக்கையாக முடிந்திருக்கக்கூடிய காட்சி, அந்த ஒரு பாத்திரத்தால் அவர்கள் மீது நமக்குப் பிரியம் வருகிற காட்சியாகிவிடுகிறது.

அதற்கு ஐந்தே ஆண்டுகளுக்குப் பின் விஸ்கோன்டிக்காக இவர் எழுதிய படம் 'தி லெப்பர்ட்' (1963). சிசிலியின் பிரபு குடும்பம், சரிகை, மெழுகுவர்த்தி, நடனக்கூடம். அந்த நடனக் காட்சி மட்டும் முக்கால் மணி நேரம் ஓடுகிறது. அதை இரண்டாவதாகப் பாருங்கள், இடையில் எழுந்து போகாமல்.