வினிகர், உப்பு, சோப்பு: வீட்டுக் களைக்கொல்லி எதுவரை வேலை செய்யும்?

கேள்வி: ஐயா, வீட்டுத் தோட்டத்திலும் நடைபாதைக் கல் இடுக்குகளிலும் களை மண்டிக் கிடக்கிறது. கடையில் விற்கும் களைக்கொல்லி கட்டுப்படியாகவில்லை. யாரோ சொன்ன செய்முறைப்படி ஒரு லிட்டர் வினிகர், ஒரு லிட்டர் தண்ணீர், இரண்டு கைப்பிடி கல் உப்பு, கொஞ்சம் சமையல் சோடா, பாத்திரம் கழுவும் திரவ சோப்பு எல்லாம் கலந்து தெளித்தேன். நன்றாகப் பொங்கி வந்தது. மறுநாளே களை கருகிவிட்டது. ஆனால் இரண்டு வாரத்துக்குள் கோரையும் அருகம்புல்லும் மறுபடி துளிர்த்துவிட்டன. பக்கத்தில் உள்ள வேலிச் செடிகளின் இலை ஓரங்கள் வேறு பழுப்பாகிக் காய்கின்றன. உப்பை இன்னும் கூட்டிப் போடலாமா? செலவில்லாமல், வேரோடு சாகிற மாதிரி ஒரு கலவை சொல்லுங்கள்.

பதில்: உப்பைக் கூட்டாதீர்கள். கலவையில் இருக்கிற உப்பையும் எடுத்துவிடுங்கள். வேலிச் செடியில் நீங்கள் பார்ப்பது பெரும்பாலும் உப்பின் வேலைதான். வேர் உறிஞ்சும் நீரோடு உப்பும் ஏறி இலைக்கு வருகிறது. நீர் ஆவியாகிப் போய்விடும், உப்பு போகாது. இலையின் நுனியிலும் விளிம்பிலும் சேர்ந்துகொண்டே வந்து அந்த இடத்தைக் காய வைக்கும். சந்தேகமாக இருந்தால் ஒரு கிளையை எடுத்துப் பாருங்கள். அடியில் உள்ள முதிர்ந்த இலைகளில் விளிம்பு மட்டும் ஒரே சீராகக் காய்ந்து, நடுப்பகுதி பச்சையாகவே இருந்தால் அது உப்பின் பாதிப்பு. தெளிக்கும்போது காற்றில் பட்ட வினிகர் என்றால் சாரல் விழுந்த இடமெல்லாம் திட்டுத் திட்டாகக் கருகியிருக்கும்.

உப்புக்கு இன்னொரு கெட்ட குணம் உண்டு. அது மக்காது. வினிகரை மண்ணில் உள்ள நுண்ணுயிர்கள் சில நாளில் தின்று முடித்துவிடும். உப்பு அப்படியே கிடக்கும், அல்லது மழையோடு நகர்ந்து பக்கத்துப் பாத்திக்கோ மரத்தடிக்கோ போகும். களிமண்ணாக இருந்தால் அதிலுள்ள சோடியம் மண் துகள்களின் பிடிப்பைக் குலைத்து, ஈரத்தில் சேறாகவும் காய்ந்தால் பாறையாகவும் ஆக்கிவிடும். அந்த இடத்தில் களை மட்டுமில்லை, நீங்கள் விரும்பி வைப்பதும் வராது. கல் பாவிய இடம்தானே, மண் எப்படிப் போனால் என்ன என்று அங்கே போடவும் யோசியுங்கள். அங்கே விழும் உப்பும் மழையில் கழுவி ஓரத்து மண்ணுக்குத்தான் வரும். கான்கிரீட்டுக்குள் இரும்புக் கம்பி இருந்தால் அதையும் துருப்பிடிக்க வைக்கும்.

வேலியோரத்தை இப்போது காப்பாற்ற ஒரே வழி, நல்ல தண்ணீரை ஆழமாக ஊற விட்டு உப்பை வேர்ப்பகுதிக்குக் கீழே இறக்குவது. நாலு நாள் தினமும் கொஞ்சம் தெளிப்பதைவிட ஒரே முறை நன்றாக நனைய விட்டு, வடிந்த பிறகு மறுபடி விடுவது மேல். தண்ணீர் வடியாமல் மேலேயே தேங்கினால், மண் மேல் கெட்டியாக ஏடு கட்டியிருந்தால், ஜிப்சம் (கால்சியம் சல்பேட் தூள்) தூவிக் கொத்திவிட்டு அப்புறம் பாய்ச்சுங்கள். ஜிப்சத்தில் உள்ள கால்சியம் சோடியத்தைத் துகளிலிருந்து தள்ளிவிடும், நீர் அதைக் கீழே கொண்டுபோகும்.

அடுத்து உங்கள் கலவையில் பொங்கி வந்ததைப் பற்றி. பார்க்க வீரியமாகத் தெரியும், உண்மையில் அங்கே மருந்து செத்துக்கொண்டிருக்கிறது. வினிகர் அமிலம், சமையல் சோடா காரம். இரண்டும் ஒன்றையொன்று தீர்த்துக்கொண்டு கரியமில வாயுவாகப் பொங்கிப் போகின்றன. மிச்சம் இருப்பது சோடியம் அசிட்டேட் என்ற உப்பு கரைந்த தண்ணீர். இதோடு சம அளவு தண்ணீர் வேறு ஊற்றியிருக்கிறீர்கள். சமையல் வினிகரில் அசிட்டிக் அமிலம் 5 சதவீதம் அளவில்தான் இருக்கும். பாதி தண்ணீர் கலந்தால் இரண்டரை, அதிலும் சோடா கொஞ்சம் தின்றுவிட்டது. ஆக உங்கள் களையைக் கருக்கியதில் பெரும்பங்கு அந்த இரண்டு கைப்பிடி உப்பினுடையது.

சரி, வினிகர் எப்படி வேலை செய்கிறது? இலையில் பட்ட இடத்தில் செல்களின் சவ்வைக் கிழித்து உள்ளே உள்ள நீரைக் கசிய விடுகிறது. நல்ல வெயிலில் இலை சில மணி நேரத்தில் தொய்ந்து, மறுநாள் காய்ந்துவிடும். பட்ட இடத்தோடு அதன் கதை முடிந்தது. இலை வழியாக இறங்கி வேருக்குப் போகாது. வீட்டில் கலக்கும் எந்தக் கலவையும் போகாது. வேரோடு கொல்லும் கலவை கேட்டிருக்கிறீர்கள், அப்படி ஒன்று சமையலறைப் பொருட்களில் கிடையாது. யாராவது இருக்கிறது என்று சொன்னால், உப்பைக் கொட்டி மண்ணையே கொல்லச் சொல்கிறார்கள் என்று அர்த்தம்.

கருகிய புல் ஒன்றைப் பிடுங்கி, காய்ந்த இலை உறைகளை ஒவ்வொன்றாக உரித்துப் பாருங்கள். கடைசி உறைக்குள்ளே, மண்மட்டத்தை ஒட்டி, வெளிர் பச்சையாக ஒரு குருத்து ஈரத்தோடு இருக்கும். புல்லின் வளரும் முனை அதுதான். மருந்து அங்கே எட்டவே இல்லை. அகன்ற இலைக் களைகளில் வளரும் முனை செடியின் உச்சியில் திறந்து நிற்பதால் அவை சுலபமாகச் சாகும். புல் இனம் தப்பித்துக்கொள்ளும்.

களையின் வயதும் முக்கியம். அமெரிக்க வேளாண்மைத் துறையின் பெல்ட்ஸ்வில் ஆய்வு நிலையத்தில் 2000-களின் தொடக்கத்தில் 5 முதல் 20 சதவீதம் வரை வெவ்வேறு வலுவில் வினிகரைத் தெளித்துப் பார்த்தார்கள். 5 சதவீத வினிகர், முளைத்து இரண்டு வாரத்துக்குள் இருந்த களைகளைக் கொன்றது. அதற்கு மேல் வளர்ந்தவற்றுக்கு அதிக வலு தேவைப்பட்டது. ஆகவே சமையல் வினிகரை வைத்திருப்பவர் இரண்டு மூன்று இலைப் பருவத்திலேயே களையைப் பார்த்துவிட வேண்டும். முழங்கால் உயரம் வந்த பிறகு வினிகர் தெளிப்பது வீண்செலவு, அதற்குக் களைக்கொத்துதான்.

கலவை இதுதான்: 5 சதவீத வினிகர் ஒரு லிட்டர், தண்ணீர் சேர்க்காமல். அதில் பாத்திரம் கழுவும் திரவ சோப்பு ஒரு தேக்கரண்டி, கடைசியில் விட்டு மெதுவாகக் கலக்கவும். வேகமாகக் குலுக்கினால் நுரைதான் வரும். சோப்பு இங்கே ஒட்டும் திரவம் மட்டுமே. மெழுகுப் பூச்சுள்ள இலையில் மருந்து முத்து முத்தாக நின்று உருண்டு விழுந்துவிடும், சோப்பு சேர்த்தால் பரவி ஒட்டும். துணி துவைக்கும் தூளைப் போடாதீர்கள், அதில் சோடா உப்புகள் அதிகம்.

பனி ஈரம் காய்ந்த பிறகு, காற்றில்லாத வெயில் நாளில், அடுத்த ஒரு நாளாவது மழை வராது என்று தெரிந்தால் தெளியுங்கள். இலை முழுக்க நனைய வேண்டும், ஆனால் சொட்டக் கூடாது. படாத இலை பிழைத்துக்கொள்ளும். நீங்கள் வளர்க்கும் செடிக்கும் களைக்கும் வினிகருக்கு வித்தியாசம் தெரியாது. நல்ல செடிப் பக்கம் ஒரு அட்டையை மறைப்பாகப் பிடித்துக்கொண்டு, முனையைத் தாழ்த்தித் தெளிப்பது நல்லது. இரண்டு மூன்று களைதான் என்றால் தெளிப்பானே வேண்டாம், பழைய தூரிகையால் தடவினால் போதும்.

தோட்ட உபயோகத்துக்கென்று 20 சதவீத வினிகரும் சில இடங்களில் கிடைக்கிறது. சம அளவு தண்ணீர் கலந்தால் 10 சதவீதம் ஆகும், வேலையும் நன்றாகச் செய்யும். ஆனால் வீட்டுத் தோட்டத்துக்கு நான் அதை எளிதில் சொல்ல மாட்டேன். அந்த வலுவில் அது தோலைப் புண்ணாக்கும், கண்ணில் தெறித்தால் பார்வைக்கே ஆபத்து. சாப்பிடுகிற பொருளின் பெயர் என்பதால் வெறுங்கையோடு தூக்கித் தெளிக்கிறார்கள், அதுதான் பயம். வாங்கினால் கண்ணாடி, கையுறை, முழுக்கைச் சட்டை இல்லாமல் மூடியைத் திறக்காதீர்கள்.

வினிகரால் நல்ல பலன் கிடைக்கும் இடம் ஒன்று உண்டு, பலர் அதை விட்டுவிடுகிறார்கள். புதிதாக விதைக்கப் போகும் பாத்தி. மண்ணைத் தயார் செய்து சமப்படுத்திவிட்டு, விதைக்காமல் தண்ணீர் மட்டும் விடுங்கள். மேல்மண்ணில் உறங்கிக் கிடக்கும் களை விதைகள் பச்சைப் பொடி தூவினது போல் முளைத்து வரும். இரண்டாவது இலை விடும்போது இந்தக் கலவையைத் தெளித்தால் கூட்டமாகச் சாகும். வசதிப்பட்டால் இன்னொரு முறையும் இப்படிச் செய்யலாம். அப்புறம் மண்ணைப் புரட்டாமல் விதைக்கும் கோட்டை மட்டும் கீறி விதையுங்கள். புரட்டினால் அடியில் உள்ள விதைகள் வெளிச்சத்துக்கு வந்து முதலிலிருந்து ஆரம்பிக்கும். காத்திருந்த நாட்கள் வீண்போகாது, பிறகு குனிந்து களை எடுக்கும் வேலை பாதியாவது குறையும்.

கல் இடுக்குக்கு வினிகர்கூட வேண்டாம், கொதிக்கிற தண்ணீர் போதும். நீண்ட மூக்குள்ள கெண்டியில் எடுத்துப்போய், இலையில் ஊற்றாமல் செடியின் அடிக்கழுத்தில் ஊற்றுங்கள். அடுப்புக்கும் களைக்கும் தூரம் இருந்தால் வழியிலேயே ஆறிவிடும், ஆகவே ஒரு தடவைக்கு நாலைந்து செடி என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். மூடிய செருப்பு போட்டுக்கொள்ளுங்கள், குழந்தைகளைத் தள்ளி நிறுத்துங்கள். ஆழவேர் களை ஒரு முறையில் போகாது, இரண்டு வாரம் கழித்து மறுபடி ஊற்ற வேண்டும். போன பிறகு அந்த இடுக்கை மண் இல்லாமல் கிளறி, மணல் போட்டு நெருக்கி அடைத்துவிட்டால் அடுத்த விதை விழுந்து முளைப்பதும் குறையும்.

இனி உங்களுக்கு உண்மையான தலைவலியான கோரை, அருகு. தண்டை விரலிடையில் உருட்டிப் பாருங்கள். மூன்று முனை தட்டுப்பட்டால் கோரை. அது புல்லே இல்லை, தனிக் குடும்பம். மண்ணுக்குள் கிழங்குகளைச் சரம் சரமாகக் கோத்து வைத்திருக்கும். மேலே கருக்கினால் கிழங்கிலுள்ள அடுத்த மொட்டு விழித்துக்கொள்ளும். கையால் பிடுங்கினாலும் தண்டு வரும், கிழங்கு உள்ளே நிற்கும். ஆனால் ஒவ்வொரு துளிருக்கும் கிழங்கு தன் சேமிப்பைச் செலவழித்தே ஆக வேண்டும். ஐந்தாறு இலை விடுவதற்குள் வெட்டிக்கொண்டே இருந்தால் புதுக் கிழங்கு கட்ட அதற்கு வாய்ப்பே கிடைக்காது. ஒரு பருவம் முழுக்க விடாமல் செய்ய வேண்டிய வேலை இது. வெட்டுவதற்குப் பதிலாக வினிகரால் கருக்கினாலும் கணக்கு அதுதான், பலன் தெளிப்பில் இல்லை, விடாமல் திரும்பத் திரும்பச் செய்வதில்தான். சிறிய இடமென்றால் வறண்ட கோடையில் மண்ணை ஆழமாகக் கொத்திக் கிழங்குகளைப் பொறுக்கி, மிச்சத்தை வெயிலில் காய விடுங்கள். ஈரம் போனால் கோரைக் கிழங்கு தாங்காது. ஈரமான நேரத்தில் ரோட்டவேட்டர் என்ற மண் கிளறும் இயந்திரத்தை விட்டுவிடாதீர்கள், சரத்தை அறுத்துத் தோட்டம் முழுக்கப் பதியம் போட்டது மாதிரி ஆகிவிடும். அருகம்புல்லுக்கும் இதே எச்சரிக்கை, அதன் ஒவ்வொரு கணுத் துண்டும் ஒரு செடி.

அருகுக்கு நிழல் ஆகாது. ஒட்ட வெட்டி, நனைத்து, தடித்த அட்டைகளை ஒன்றன்மேல் ஒன்று ஒரு சாண் ஏறும்படி பரப்பி, மேலே 10 செ.மீ. உயரத்துக்கு இலைச்சருகு அல்லது மரத்தூளோ மரச்சில்லோ போடுங்கள். ஓரத்தில்தான் எட்டிப் பார்க்கும், அங்கே மட்டும் வாரம் ஒருமுறை கொத்தினால் போதும். கோரையின் கூர்முனை மெல்லிய கறுப்புப் பாலித்தீன் தாளைத் துளைத்துக்கொண்டு வந்துவிடும் என்பதால் அந்தச் செலவு வேண்டாம். வெயில் கொளுத்தும் மாதங்களில் ஈரமண்ணின் மேல் தெளிவான, நிறமற்ற பாலித்தீன் தாளை இழுத்து ஓரங்களை மண்ணால் மூடி நாலு முதல் ஆறு வாரம் விட்டால் மேல்மண்ணின் களை விதைகள் பெருமளவு வெந்துபோகும். கோரைக் கிழங்கை அது முழுசாகத் தீர்க்காது.

சில வீடுகளில் டீசல், மண்ணெண்ணெய், பழைய எஞ்சின் ஆயில் எல்லாம் ஊற்றுகிறார்கள். வேண்டாம். மண்ணும் கிணறும் கெடும், தீயும் பிடிக்கும். ப்ளீச்சிங் திரவத்தை வினிகரோடு கலந்தால் குளோரின் வாயு வரும், மூச்சுக்குழலை அரித்துவிடும். ஒரே தெளிப்பானில் ஒன்றை மாற்றி இன்னொன்று ஊற்றுவதுகூட ஆபத்து. கடை மருந்தோடு வினிகரையோ உப்பையோ கலப்பதும் தவறு. கிளைபோசேட் போன்ற ஊடுருவும் மருந்து உயிருள்ள இலை வழியாகத்தான் வேருக்கு இறங்கும், வினிகர் இலையை முதல் நாளே கருக்கிவிட்டால் அது இறங்க வழியில்லை.

இந்த வாரம் நல்ல மண் தெரிகிற இடத்தில் முளைக்கும் குட்டிக் களைக்கு மட்டும் உப்பில்லாத கலவையைத் தெளியுங்கள். அருகின் மேல் அட்டை போடுங்கள். கோரையைக் கொத்தத் தொடங்குங்கள். வேலியில் பழைய இலை இனித் தேறாது, புதிதாக வரும் துளிரின் விளிம்பைப் பாருங்கள். ஒரு மாதத்துக்குப் பிறகும் அதிலும் பழுப்பு தெரிந்தால் மண்ணைப் பரிசோதனைக்கு அனுப்பி, மின்கடத்துத் திறனையும் (மண்ணில் கரைந்துள்ள உப்பின் அளவை அது காட்டும்) சோடியம் அளவையும் கேளுங்கள். தெளிப்பானில் உலோக பாகம் இருந்தால் வினிகர் அரிக்கும், வேலை முடிந்ததும் தண்ணீரால் அலசிவிடுங்கள். மிச்சக் கலவையைக் குளிர்பான பாட்டிலில் ஊற்றி வைக்காதீர்கள்.